மூன்று முறை அழைத்தும்...

கண் விழித்தபோது இசக்கிசெல்வியின் கன்னம் யாரோ ஒருவனின் தோளில் இருந்தது.

பதறி நிமிர்ந்தாள். ஸ்ரீபெரும்புதூர் நீதிமன்ற வராந்தா. வெளியே மழை... வல்லம் வடகால் கம்பெனியில் நைட் ஷிப்ட் முடித்து, யூனிபார்மோடு நேராக வந்து இந்த பெஞ்சில் உட்கார்ந்தது வரைக்கும்தான் நினைவிருந்தது.

"இசக்கிசெல்வின்னு கூப்பிட்டாங்களா?"

"மூணு வாட்டி கூப்டாங்க. ஆள் வரல போல... டிஸ்மிஸ் பண்ட்டாங்க," என்றான் அவன்.

"அது நான்தான்."

அவன் கண்கள் விரிந்தன. அழகான கண்கள் வேறு... அதுவும் எரிச்சலாக இருந்தது. மூன்று வருடம் முன்பு விட்டுப்போன கணவனிடமிருந்து விவாகரத்து கேட்ட மனு. எழுந்து நின்று 'வந்திருக்கேன்' என்று சொல்லியிருந்தால் போதும்.

"எழுப்பிருக்கலாம்லா?"

"யாருக்கோ துணைக்கு வந்தீங்கன்னு நெனச்சேங்க. அசந்து தூங்கிக்கினு இருந்தீங்க... மனசு வரல."

மனசு வரவில்லையாம். அதற்காக அவள் இன்னும் எத்தனை நாள் அந்த ஆளின் மனைவியாக இருப்பது?

அவன் விடவில்லை. ஊர் மண்ணூர், பெயர் எபினேசர் என்று சொல்லி, குடை பிடித்து, காலையில் வேறு கோர்ட்டில் இருந்த அவளுடைய வக்கீல் ரஞ்சனியின் அறைவரை கூடவே வந்தான்.

முப்பது நாளுக்குள் கேட்டால் வழக்கைத் திரும்ப எடுப்பார்கள், வராத காரணத்தை மட்டும் எழுத வேண்டும் என்றார் ரஞ்சனி. வேறொருவன் தோளில் தூங்கியது தெரிந்தால் கணவனின் வக்கீல் சும்மா விடமாட்டார்; காய்ச்சல் என்று போட்டுவிடலாம்.

செல்விக்குச் சுருக்கென்றது. இரவெல்லாம் நின்று வேலை பார்த்தவள் தூங்கியதற்குப் பொய் எதற்கு?

"தூங்கிட்டேன்னே எழுதுங்க மேடம். யார் தோள்னு கேட்டா நானே சொல்லுதேன்."

ரஞ்சனி பெருமூச்சுவிட்டு, அவன் எந்தக் கேஸுக்கு வந்தான் என்று விசாரித்தார். அண்ணனோடு பாகப்பிரிவினையாம். அதுவும் இன்றைக்கு டிஸ்மிஸ்தானாம்.

செல்வி திரும்பிப் பார்த்தாள். "உங்க பேரையும் மூணு மட்டம் கூப்பிட்டாங்களா?"

"ஆமா."

"அது உங்களுக்குத் தெரிஞ்ச பேருதான?"

அவன் தலை குனிந்துகொண்டான். லூசா இவன்... என்று நினைக்கும்போதே இன்னொன்றும் தோன்றியது. அவள் தூங்க வேண்டும் என்று இதுவரை யார் காத்திருந்தார்கள்?

"நீங்க என்ன காரணம் எழுதப்போறீங்க?" என்றார் ரஞ்சனி, அலுப்போடு.

"உண்மையத்தான் மேடம். எழுந்துக்கவே புடிக்கல... இவங்க கண்ணு முழிச்சிட்டா, போயிடுவாங்க இல்ல?"

செல்வி அவன் முகத்தைப் பார்க்காமல் பேசினாள்.

"அடுத்த வாய்தாவுக்கு எதிர் பெஞ்சுல உக்காருங்க."

"ஏங்க?"

"பக்கத்துல உக்காந்தா... மறுபடியும் நிம்மதியாத் தூங்கிருவேன்."