கீழ் ஓரத்தில் ஒரு சாட்சி

போன் அலறியது.

"நம்ம படம் எரிஞ்சு போச்சும்மா... உடனே வா!"

கணவரின் குரல்!

திரைப்படக் காப்பகத்துக்கு ஓடினாள் அவள். அங்கே காப்பாளர் அவள்தான்.

பெட்டக அறை வாசலில், நனைந்த சட்டையோடு அவர். குவாரித் தொழிலாளர்களின் வாரிசுகளுக்காக வாதாடும் வக்கீல். பக்கத்தில் பெண் இன்ஸ்பெக்டர்.

தரையில் ஒரு தகர டப்பா... உள்ளே பாதி கருகிய படச்சுருள்!

"எப்படிங்க?"

"இன்னொரு தடவை பார்க்கலாம்னு வந்தேன். ஏ.சி. நின்னு போயிருந்தது. பழைய ஃபிலிம் சூட்டுல தானா பத்திக்கும்னு நீதானே சொல்லுவே? ரெண்டு வாளி தண்ணி ஊத்தி அணைச்சேன். ப்ச்... விதி!"

"அப்படி என்னம்மா படம் அது?" என்றார் இன்ஸ்பெக்டர்.

"அந்தக் காலத்து அரசாங்கம் எடுத்த பிரசாரப் படம் மேடம். குவாரிக்கு ஜனங்க விரும்பித்தான் வேலைக்கு வந்தாங்கன்னு காட்டறதுக்கு. தியேட்டர்ல சிரிச்ச முகம் மட்டும்தான் தெரியும். அங்க போட்ட பிரதியில ஓரத்தை வெட்டிட்டாங்க. ஒரிஜினல்ல மட்டும் கீழ் ஓரம் இருக்கு. அதுல அவங்க கால் தெரியும்."

"கால்ல?"

"சங்கிலி."

இன்ஸ்பெக்டர் தொப்பியைக் கழற்றினார்.

"திங்கட்கிழமை விசாரணை மேடம். குவாரியில செத்தவங்களுக்கு இது ஒண்ணுதான் சாட்சி."

டப்பாவின் அருகே குந்தினாள். விரல்களில் கரி. கருகிய சுருளைப் புரட்டினாள்.

"அழாதேம்மா..."

"அழலைங்க. தண்ணி ஊத்தினதும் அணைஞ்சுதா?"

"உடனே!"

"ஒரிஜினல் அணையாதுங்க. தண்ணிக்குள்ள முக்கினாலும் எரியும். இந்த அறை மிஞ்சியிருக்காது... நீங்களும்தான்!"

கணவரின் முகம் வெளுத்தது.

"இது பின்னாள்ல வேற வகை ஃபிலிம்ல எடுத்த பிரதி. நான்தான் மாத்தி வெச்சேன். சூட்டுல இது தானா பத்திக்காது. யாராவது பத்த வெச்சாத்தான் உண்டு!"

"சாவி யார்கிட்டம்மா?" என்றார் இன்ஸ்பெக்டர்.

"என்கிட்ட ஒண்ணு. கேஸுக்குப் பார்க்கணும்னு இவர் நேத்து வாங்கினது ஒண்ணு."

"கட்டின புருஷனையே சந்தேகப்பட்டியாடி?"

"போன வாரம் உங்களுக்குக் கீழ் ஓரத்தைக் காட்டினேன். எத்தனை பேர் கால்ல சங்கிலின்னு நீங்க கேட்கலை. 'வேற யார் பார்த்தாங்க'ன்னு கேட்டீங்க. அன்னிக்கு ராத்திரி எனக்குத் தூக்கமே இல்லை."

இன்ஸ்பெக்டருக்குப் புரியவில்லை. "இவர் ஏம்மா எரிக்கணும்?"

"எங்க வீட்டு ஹால்ல இவரோட தாத்தா படம் மாட்டியிருக்கு. கம்பீரமான சிரிப்பு. இதே படத்துலேர்ந்து எடுத்ததுதான்... இடுப்புக்கு மேல மட்டும். ஒரிஜினலோட கீழ் ஓரத்துல, சங்கிலியோட நுனி அவர் கையில இருக்கு!"

வக்கீல் சுவரில் சாய்ந்தார். "கேஸை எடுக்கும்போது சத்தியமா எனக்குத் தெரியாதுடி... குடும்ப மானம்..."

"அந்த ஜனங்களுக்கும் குடும்பம் உண்டுங்க. அவங்க உங்களை நம்பினாங்க."

கரி படிந்த விரல்களைப் புடவையில் துடைத்தாள்.

"நானும்தான்."

விலங்கு 'க்ளிக்'கென்றது.

வாசல்வரை போனவர் திரும்பினார். "அப்போ... ஒரிஜினல் எங்கடி?"

"அதைக் குளிர்லதானே வைக்கணும்? நம்ம வீட்டு ஃப்ரிட்ஜ்ல, கீழ்த் தட்டுல, கத்திரிக்காய்க்கு அடியில!"

"வீ... வீட்லயா?"

"கல்யாணமான நாள்லேர்ந்துதான் இல்லை, இந்த வாரமாவது ஒரே ஒரு நாள் நீங்க காய் நறுக்கிக் கொடுத்திருந்தா... இன்னிக்குத் தப்பிச்சிருப்பீங்க!"