தலையணைக்கு அடியில் தாமசக்கல்

வீட்டுக்குள் எங்கேயோ மோட்டார் ஓடுகிற மாதிரி ஒரு சத்தம் கேட்டுக்கொண்டே இருந்தது.

அவள் அதைப் பெரிதாக எடுத்துக்கொள்ளவில்லை. பட்டறையில் பொழுதுக்கும் சக்கரத்தின் முன் உட்கார்ந்து கல் அறுக்கிறவளின் காதில் எப்போதும் ஏதாவது ஒன்று இரைந்துகொண்டுதான் இருக்கும். பக்கத்து வீட்டில் தண்ணீர் இறைக்கிறார்கள் போல என்று நினைத்தாள். பால் பொங்குகிறதா என்று எட்டிப் பார்த்தபோதுதான், ஆறு பெருகிய அன்றே அவர்கள் வீட்டைப் பூட்டிக்கொண்டு மேட்டுக்குப் போய்விட்டது நினைவுக்கு வந்தது. அடுப்பை அணைத்துவிட்டுக் காதைத் தீட்டிக்கொண்டு நின்றாள். காதை விட உள்ளங்காலில்தான் அந்தச் சத்தம் நன்றாகத் தெரிந்தது. அலமாரியில் கவிழ்த்திருந்த டம்ளர்கள் ஒன்றோடொன்று உரசி மெல்லக் கிணுகிணுத்தன. உள்ளறையிலிருந்துதான் வந்தது. அங்கே அவள் மகன் காய்ச்சலில் படுத்திருந்தான்.

அவனுக்கு ஊரே வைத்த பெயர் வாண்டு. ஒரு நிமிஷம் ஓரிடத்தில் இருக்காதவன். ஆற்றுவெள்ளம் பாலத்தை அடித்துக்கொண்டு போன சமயம் பார்த்து அவனுக்குக் காய்ச்சல் கண்டது. டாக்டர் அக்கரையில் இருந்தார். வெள்ளம் வடிந்து படகு விட்டால்தான் வர முடியும். அவன் பிதற்றத் தொடங்கிய அன்று, கல் அறுப்பவர்கள் யாரும் செய்யக்கூடாத காரியத்தை அவள் செய்தாள். பட்டறையிலிருந்து தாமசக்கல்லில் ஒரு சில்லைக் கொண்டைக்குள் ஒளித்துக்கொண்டு வந்து அவன் தலையணைக்கு அடியில் வைத்தாள்.

பார்க்க அது சப்பென்ற பழுப்புக் கல். ஆனால் அதன் பக்கத்தில் காலம் கால் தேய்த்துக்கொண்டுதான் நடக்கும். காய்ந்திருந்தால் லேசாக. ஈரம் பட்டால் போச்சு, கல் முழித்துக்கொள்ளும்; காலம் அநேகமாக நின்றே போகும். அறுக்கும்போது நனைத்துத்தான் ஆக வேண்டும்; ஒரு கல்லை முடிப்பதற்குள் வெளியே பொழுது சாய்ந்துவிடும். வேலை முடிந்ததும் துடைத்துச் சாம்பலில் புதைத்துவிட்டுத்தான் எழுந்திருப்பார்கள். "ஈரத்தோட வச்சுட்டு உக்காந்திருந்தீங்கன்னா, அப்புறம் உங்க பேரப்பிள்ளைங்கதான் வந்து கதவத் தட்டணும்" என்று மேஸ்திரி கேலி பேசுவார்.

அதனால்தான் நன்றாகத் துடைத்து, சாம்பல் துணியில் சுற்றி வைத்திருந்தாள். காய்ச்சல் மெதுவாக ஏறட்டும், அதற்குள் படகு வந்துவிடும் என்பது அவள் கணக்கு. அதுவும் பலிக்கிற மாதிரிதான் இருந்தது. அவன் மூச்சு நீண்டது. அனத்தல் அடங்கியது.

இப்போது உள்ளறை வாசலில் அவளுடைய அக்கா நின்றிருந்தாள். தங்கைக்கு ஒத்தாசையாக வந்து தங்கியிருப்பவள். முகத்தில் ஈயாடவில்லை.

"இங்க வந்து பாரு."

வாண்டுவின் நெற்றியில் ஈரத்துணி. காலையில் அவள் போட்டது, சொட்டச் சொட்ட அப்படியே இருந்தது. அதன் நுனியிலிருந்து விழுந்த ஒரு துளி, தலையணையைத் தொடாமல், அவன் காதருகே அந்தரத்தில் நின்றது.

ஈரத்துணி. காய்ச்சல் என்றதும் பெற்றவள் கை தானாகச் செய்கிற வேலை. மாற்றி மாற்றிப் போட்டிருக்கிறாள். போதாததற்கு அவன் வியர்வை வேறு. இத்தனை வருஷம் கல்லைத் துடைத்துத் துடைத்தே தேய்ந்த கை, வீட்டில் அதற்குத் தண்ணீர் ஊட்டியிருக்கிறது.

"கொட்டாவி விடுறான்னு நெனச்சோமே," என்றாள் அக்கா. "வாயப் பாரு. இந்தச் சத்தம் அவன்டி. அவன் கத்துறான்."

அவன் கண்கள் வாசலைப் பார்த்து நிலைகுத்தி இருந்தன. அவளைத்தான் பார்த்தன. அம்மாவைப் பார்க்கிற பார்வை இல்லை அது.

பட்டறையில் எல்லோரும் சுவரைப் பார்த்துத்தான் உட்கார வேண்டும். புதிதாக வந்த ஒருத்தி திரும்பிப் பார்த்துவிட்டாள். நனைந்த கல்லின் பக்கத்திலிருந்து பார்த்தால் தூரத்து ஆட்கள் கண்ணுக்குப் பிடிபடாத வேகத்தில் அசைவார்கள், ஆட்களாகத் தெரியமாட்டார்கள். முகம் இருக்காது. கை மட்டும் பல இருக்கும். அந்தப் பெண் அப்புறம் வேலைக்கே வரவில்லை. தன் பிள்ளையை வாசலைப் பார்க்கக் கிடத்தியிருக்கிறோம் என்று அவளுக்கு இப்போதுதான் உறைத்தது. ஆசையாக அவள் அவனை எட்டிப் பார்த்தபோதெல்லாம் அவன் பார்த்தது அந்த முகமில்லாததைத்தான்.

"நான் போய் எடுத்துடுறேன்க்கா."

"எடுத்தா காய்ச்சல் ஏறிடுமே. படகு இன்னும் வரல."

"அதுக்காக? என்னப் பாத்தே பயந்து கத்துறான். விட்டுட்டு நிக்கச் சொல்றியா?"

அக்கா கண்ணைத் துடைத்துக்கொண்டாள். "சட்டுனு எடுத்துட்டு வா. நான் இங்கயே இருக்கேன். எங்கயும் போகமாட்டேன்."

அவள் உள்ளே போனாள். கட்டிலை நெருங்க நெருங்க அந்த இரைச்சல் மெலிந்தது, உயர்ந்தது, குரலானது. கட்டிலில் முழங்கால் பட்டபோது அது பிள்ளைக் குரல்.

"...மா!"

"இங்கதான்டா இருக்கேன், கண்ணு."

துளி தலையணையில் விழுந்தது. அவன் அவளைக் கட்டிக்கொண்டான். உடம்பு அனலாகக் கொதித்தது. அவள் தலையணைக்கு அடியில் கையை விட்டாள். சாம்பல் சேறாகியிருந்தது. கல் வழுக்கியது. பிடித்தாள்.

"அம்மா, அங்க என்னமோ நிக்குது."

திரும்பக்கூடாது என்று தெரியும். திரும்பினாள்.

வாசலில் அக்காவின் புடவை நிறம். பல கைகள். முகம் இல்லை. ஜன்னலில் பகல் வெளுத்தது, இரவு கறுத்தது, மறுபடி வெளுத்தது. பிறகு ஒரே சாம்பல் நிறம். வாசலில் இன்னொரு நிழல் வந்தது. டாக்டராக இருக்கலாம். கட்டில் பக்கம் நீண்டது. போய்விட்டது. அக்காவின் நிறம் மட்டும் போகவில்லை. அதன் உச்சியில் வெள்ளை ஏறியது. குட்டையானது. நிலைப்படியோரம் தணிந்தது.

கதவு இல்லை. கூரையில் ஓட்டை. சுவரில் செடி.

கல் அவள் உள்ளங்கையில் குளிர்ந்து கிடந்தது. வீசிவிட்டால் போதும், காலம் பழையபடி நடக்கும். வீசினால் காய்ச்சலும் விறுவிறுவென்று ஏற ஆரம்பிக்கும். அக்கரையிலிருந்து வர இனி யாரும் இல்லை.

அவள் விரல்களை இறுக மூடிக்கொண்டாள்.

அவன் அழுகையை நிறுத்தியிருந்தான். வாசலில் இப்போது எதுவும் பதறவில்லை. நிலைப்படியில் சாய்ந்து உட்கார்ந்திருந்தது, தலை ஒருபக்கமாகச் சரிந்து, அசையாமல்.

"அம்மா," என்றான், முகம் தெளிந்து. "அது பெரியம்மாதான்."

அவன் நெற்றியில் துணி இன்னும் காயவில்லை.