நத்தை தட்டிய கதவு

பாளையங்கோட்டையில் மற்ற வீடுகளைப் போலவே வடிவு வீட்டிலும் சாயங்காலக் காபிக்குப் பிறகுதான் படம். காபி போடுவது புருஷன் சிதம்பரநாதன். குடித்து முடித்ததும் இருவரும் ஒரே சோபாவில் உட்கார்ந்து ஆளுக்கொரு திரைக்கண்ணாடி மாட்டிக்கொள்வார்கள். கண்ணாடி அவரவர் மனதைப் படித்து அவரவருக்கென்று ஓர் அனிமேஷன் படம் வரையும். ஊரே கூடி ஒரு படம் பார்த்த காலமெல்லாம் மலையேறிவிட்டது. முடிந்ததும் கண்ணாடிக்குள்ளேயே இருக்கும் பொருளுரைப்பியின் குரல் காதில் விளக்கம் சொல்லும். படத்தைப் பற்றி இன்னொரு மனிதரோடு பேசுகிற தொல்லையே கிடையாது.

வடிவின் படத்தில் வருஷக்கணக்காக ஒரே சங்கதி. ஒரு சிறுமி வீட்டுக்குள் தனியாக இருப்பாள். நீலக் கதவை யாரோ தட்டுவார்கள். தட்டுவது உங்கள் பயம், திறக்க வேண்டாம் என்றது பொருளுரைப்பி. அத்தனை படித்த குரல் சொன்னால் சரியாகத்தானே இருக்கும்? சிறுமி திறக்கவே இல்லை.

அடுத்தவர் படத்தை விசாரிப்பது அநாகரிகம். ஆனாலும் ஒருநாள் மனசு கேட்காமல், "ஒங்க படத்துல என்ன வருது?" என்று கேட்டுவிட்டாள்.

"அது எனக்குன்னு உள்ள படம்லா. ஒனக்கு எப்படி வெளங்கும்?" என்றார் அவர், கோபமில்லாமல்.

மாரடைப்பில் அவர் போன பிறகு, வாரிசு என்ற முறையில் அவருடைய கடைசிப் படத்தை ஒரு தடவை பார்க்க வடிவுக்கு அனுமதி கிடைத்தது.

படத்தில் ஒரு நத்தை வந்தது. முதுகில் கூட்டுக்குப் பதில் ஆவி பறக்கும் காபித் தம்ளர். மழையில் சிந்தாமல் ஊர்ந்து வந்து, கொம்பால் ஒரு கதவைத் தட்டியது. தாழ்ப்பாள் உடைந்த நீலக் கதவு. கல்யாணமான புதிதில் அவர்கள் குடியிருந்த வாடகை வீட்டுக் கதவு அது. அவள் படத்திலும் அதே கதவுதான். நத்தை காபி ஆறும்வரை காத்திருந்துவிட்டுத் திரும்பிப் போனது.

"இந்த நத்தை யாரு?" என்று பொருளுரைப்பியிடம் கேட்டாள்.

"உங்கள் தயக்கம்."

"எனக்கில்ல. அவுகளுக்கு இது என்னது?"

"உயிரோடு இருக்கும் பார்வையாளருக்கு மட்டுமே பொருள் சொல்ல இயலும்."

முதல்முறையாக ஒரு படத்துக்கு வடிவே பொருள் சொல்லிக்கொள்ள வேண்டியிருந்தது. அதில் கஷ்டமே இல்லை என்பதுதான் அவளை அழவைத்தது.

மறுநாள் தானே காபி போட்டு, குடிக்காமல் வைத்துவிட்டுத் தன் கண்ணாடியை மாட்டினாள். சிறுமி ஓடிப்போய்க் கதவை அகலத் திறந்து வாசலிலேயே உட்கார்ந்துகொண்டாள். மழை பெய்தது. படம் முடிகிறவரை யாரும் வரவில்லை.

"உங்கள் பயம் நீங்கிவிட்டது. வாழ்த்துகள்" என்றது குரல்.