அறுப்புக் கோடு

மௌஸை விட்டுக் கையை எடுத்த பிறகும் திரையில் அம்புக்குறி விரலளவு நகர்ந்து நின்றதைப் பட்டறைக்காரி பார்த்தாள்.

பலகை அறுக்கும் மெஷினை இயக்கிய பழைய சாஃப்ட்வேர் முந்தின நாள் படுத்துவிட்டது. அதைச் செய்த கம்பெனியை எப்போதோ இழுத்து மூடிவிட்டார்கள். வேறு வழி தெரியாமல், ஊர்பேர் தெரியாத ஏதோ ஒரு இணையதளத்திலிருந்து அதன் கிராக் செய்த பிரதியை இறக்கினாள். ஆன்டிவைரஸை அணைக்கச் சொன்னது, அணைத்தாள். மெஷினுக்கு உயிர் வந்தது. ஆனால் மரத்தூளும் சூடேறிய பசையும் மணக்கும் பட்டறையில், வெயிலுக்குத் தகரக் கூரை சடசடக்க, மெஷினின் அடிவயிற்றிலிருந்து யாரோ பல்லைக் கடிப்பதுபோல ஒரு நறநறப்பு காலையிலிருந்து விடாமல் வந்துகொண்டிருந்தது.

"தம்பி, மௌஸ் தானா நகருது."

"எலின்னா ஓடத்தான் செய்யும் அண்ணி," என்று சிரித்தான், மெஷின் ஓட்டும் கொழுந்தன். பலகையை நேராக்கக் குனிந்து இரண்டு கைகளையும் உள்ளே நீட்டினான்.

அம்பு மறுபடி நகர்ந்தது. இம்முறை தயங்கவில்லை. நேராக ஸ்டார்ட் பட்டனில் போய் உட்கார்ந்தது.

"கைய எடு!"

பலகையைப் பிடிக்க வேண்டிய இரும்புப் பட்டை இறங்கி அவன் மணிக்கட்டுகளை நசுக்கிப் பிடித்தது. பிளேடு சுழன்றது. மௌஸைப் பற்றி இழுத்தாள். அம்பு அவளுக்கு அடங்காமல் எதிர்ப்பக்கம் திமிறியது.

பிளேடு அவசரமே இல்லாமல் வந்தது. இடது கை. அலறல். ஈர மரத்தை அறுக்கும் சத்தம். எலும்பில் சிக்கி முனகியது. கடந்தது. அவள் கன்னத்தில் ரத்தம் சுடச்சுடத் தெறித்தது.

"அண்ணி... மெயினு... மெயின அணைங்க..."

ஓடினாள். ரத்தத்தில் வழுக்கி விழுந்தாள். எழுந்து சுவரிலிருந்த மெயின் சுவிட்சைக் கீழே இழுத்தாள்.

பிளேடு சுற்றிச் சுற்றி ஓய்ந்தது, அவன் வலது மணிக்கட்டின் தோலைத் தொட்டபடி. அவன் மயங்கித் தொங்கினான். மூச்சு இருந்தது.

யூபிஎஸ் பேட்டரியில் கம்ப்யூட்டர் மட்டும் ஓடியது. திரைக்கு மேலே கேமராவின் பச்சை விளக்கு எரிந்தது. அவள் அதைப் போட்டதே இல்லை.

அம்பு வரையத் தொடங்கியது. அறுக்க வேண்டிய உருவம். ஒரு பெண். தோளில் சரிந்த பின்னல். ஒரு கை சுவரில், சுவிட்சின்மேல்.

கழுத்தின் குறுக்கே ஒரு சிவப்புக் கோடு.

இரண்டு கையாலும் சுவிட்சை அழுத்திப் பிடித்தாள். முழு பலத்தோடு. உள்ளங்கைக்குள் அது மெல்ல, மெல்ல, மேலே ஏறிக்கொண்டிருந்தது.