சத்தம் ஆகாத வீடு

குழாய் சொட்டுகிற சத்தம் நின்றுபோயிருந்தது.

அவள் அதைக் கவனிக்கக் கொஞ்ச நேரம் பிடித்தது. கடைக்குத் தரவேண்டிய திரைச்சீலையின் ஓரத்தை மடித்து மெஷினில் ஓட்டிக்கொண்டிருந்தவள், நூல் மாற்றுவதற்காகக் காலை எடுத்தபோதுதான், இந்த வாடகை வீட்டுக்கு வந்த நாளிலிருந்து காதுக்குள்ளேயே குடியிருந்த அந்தச் சொட்டு காணாமல் போயிருப்பது உறைத்தது. எழுந்து சமையலறைக்குப் போனாள். குழாயின் வாயில் துணி கட்டியிருந்தது. பழைய துண்டைக் கிழித்து, இறுக்கி, முடிச்சின் நுனிகூட வெளியே தெரியாதபடி செருகியிருந்தது. தண்ணீர் அந்தத் துணியின் வால் வழியாக இறங்கி, தொட்டியின் சுவரைத் தொட்டு, சத்தமே இல்லாமல் வழிந்துகொண்டிருந்தது.

கூடத்துக்கு வந்தாள். சுவர்க் கடிகாரத்தின் முள் அசையவில்லை. பின்னால் பேட்டரி இல்லை. அலமாரிக் கதவைத் திறந்து பார்த்தாள். கீலில் புது எண்ணெய் மினுங்கியது, கிறீச்சென்று ஒரு முனகல்கூட இல்லை.

"உனக்குத் தலை வலிக்கும்ல," என்றாள் மகள்.

எப்போது வந்து பின்னால் நின்றாள் என்று தெரியவில்லை. இரண்டு கைகளையும் வயிற்றுக்கு முன்னால் விரித்து வைத்திருந்தாள். மகள் இருந்துவிட்டு வந்த சிறார் இல்லத்தில் கொடுத்த பழக்கம் அது. யார் அருகில் நின்றாலும் கை அவர்கள் கண்ணில் படவேண்டும்.

"இப்பல்லாம் தலைவலி வர்றதே இல்ல கண்ணு."

"வரும்," என்றாள் மகள், மிகவும் பிரியமாக.

ஆறு வருடத்துக்கு முன்னால் வேறோர் ஊரில் அவள் வீட்டில் வைத்துக் குழந்தைகளைப் பார்த்துக்கொண்டாள். வேலைக்குப் போகிற தாய்மார்கள் காலையில் விட்டு மாலையில் தூக்கிப்போவார்கள். மகளுக்கு அப்போது ஒன்பது வயது. புட்டி கழுவுவாள், துணி மடிப்பாள், இவள் ஒற்றைத் தலைவலியில் படுத்துவிட்டால் எல்லாவற்றையும் அவளே பார்ப்பாள். அப்படி ஒரு மதியம், மகளின் கையில் ஒரு கைக்குழந்தை மூச்சு முட்டிச் செத்துப்போனது.

அதற்குப் பிறகு ஊரே நிபுணராகிவிட்டது. பேய் பிடித்திருக்கும் என்றார் ஒருவர். ரத்தத்திலேயே இருந்திருக்கும் என்றார் இன்னொருவர். டிவியில் ஒரு டாக்டர் மூளையின் படத்தைக் காட்டிக் காட்டிப் பேசினார். பிஞ்சிலே பழுத்தது என்று பத்திரிகையில் தலைப்புப் போட்டார்கள். தூக்கில் போடு என்று அட்டை பிடித்து வந்த கூட்டத்தில் மகளின் வகுப்புப் பிள்ளைகளும் இருந்தார்கள். அப்பன்காரன் சொல்லாமல் கொள்ளாமல் போய்விட்டான். ஆனால் அவளை மட்டும் யாரும் ஒரு சொல் சொல்லவில்லை. பெத்த மனம் பித்து, பிள்ளை மனம் கல்லு என்று தோளைத் தொட்டு அழுதார்கள். செத்த குழந்தையின் தாய்கூட ஒரு நாள் வந்து, "உங்க மேல எனக்குக் கோபம் இல்லக்கா," என்று சொல்லிவிட்டுப் போனாள். அவ்வளவு ஆறுதலையும் அவள் கூச்சமில்லாமல் வாங்கி வைத்துக்கொண்டாள். அதுதான் அவளை இன்றுவரை உள்ளே அரித்துக்கொண்டிருக்கிறது.

விளக்குப் போடுகிற நேரத்தில் கதவு தட்டப்பட்டது. மேல்வீட்டு நர்ஸ், இடுப்பில் குழந்தையோடு.

"அக்கா, ஒரு சின்ன உதவி. டியூட்டிக்கு வரவேண்டியவ வரல, என்னைக் கூப்பிடுறாங்க. இவனைக் கொஞ்சம் பாத்துக்கறீங்களா? அவர் வந்து தூக்கிட்டுப் போயிடுவார். வீட்ல பொண்ணு வேற இருக்கா, உங்களுக்கு ஒத்தாசையா இருக்கும்."

முடியாது என்று ஒரு வார்த்தை சொன்னால் போதும். ஆனால் அதற்குப் பின்னாலேயே ஏன் என்று ஒரு கேள்வி வரும், அதற்குப் பின்னால் வீடு மாறவேண்டிவரும், மகளுக்கு இன்னொரு பெயர், இன்னொரு ஊர். அவள் கை தானாக நீண்டது. குழந்தை கனமாக, சூடாக, பவுடர் வாசனையோடும் கழுத்து மடிப்பில் புளித்த பால் வாடையோடும் வந்து தோளில் ஒட்டிக்கொண்டது. படியில் இறங்கிப்போகிற நர்ஸின் முதுகைப் பார்த்தபோது, கூப்பிட்டுச் சொல்லிவிடு, சொல்லிவிடு என்று மனசு அடித்துக்கொண்டது. அவள் கதவைச் சாத்தினாள்.

மகள் குழந்தையைப் பார்த்ததும் பின்வாங்கினாள். முதுகு சுவரில் இடிக்கும்வரை போனாள்.

"நான் இங்கயே நிக்கறேன்மா. கிட்ட வரமாட்டேன்."

திரும்பி, சுவரைப் பார்த்து நின்று, இரண்டு உள்ளங்கைகளையும் சுவரில் பதித்துக்கொண்டாள். போகட்டும், அதுவும் நல்லதுதான் என்று நினைத்த தன்னை அவள் வெறுத்தாள். குழந்தையை மடியில் போட்டுத் தட்டிக்கொண்டே, கண்ணை எடுக்காமல் அந்தக் கைகளையே காவல் காத்தாள். நகம் ஒட்ட வெட்டிய, தாய்க்குத் துண்டு கிழித்துக் குழாய் கட்டுகிற கைகள்.

வெளியே இருட்டிவிட்டது. குழந்தைக்கு இடம் பழகவில்லை. முதலில் சிணுங்கியது, பிறகு உதட்டைப் பிதுக்கியது, பிறகு சொட்டும் இல்லாமல் முள்ளும் இல்லாமல் வெறும் சவப்பெட்டியாகக் கிடந்த அந்த வீட்டில், வாயை அகலத் திறந்து வீறிட்டது. சத்தம் சுவரில் மோதித் திரும்பி வந்தது. அவளுடைய இடது நெற்றிப்பொட்டில் ஊசியாக ஒன்று இறங்கியது. ஆறு வருடமாக வராத வலி. விளக்கைச் சுற்றி வளையம் கட்டியது. பால் வாடை குமட்டியது.

தட்டினாள். தோளில் போட்டு நடந்தாள். புட்டியைக் கொடுத்தாள், துப்பியது. மடியில் கிடத்தி, குழந்தை பார்ப்பவர்கள் எல்லாரும் செய்கிற அந்த விளையாட்டைச் செய்தாள். அழுகிற வாயில் உள்ளங்கையை வைத்து வைத்து எடுத்தாள். அழுகை வா-வா-வா என்று உடைந்து வந்தது. தன் குரலைத் தானே கேட்டுக் குழந்தை திகைத்து நிறுத்தும். சில குழந்தைகள் சிரித்தும்விடும்.

அந்த நாட்களிலும் இதைத்தான் செய்துகொண்டிருந்தாள். தலை வலிக்கிற நாளில் கையை எடுக்கக் கொஞ்சம் தாமதிப்பாள். கொஞ்சம்தான். ஒரு மூச்சு, அரை மூச்சு. புட்டி கழுவிக்கொண்டே ஒரு சின்னப் பெண் தினமும் அதைப் பார்த்துக்கொண்டிருப்பாள். அந்த மதியம் இருட்டறையில் படுத்துக்கொண்டு, "எப்படியாவது அத நிறுத்துடி, எனக்கு மண்டை வெடிக்குது," என்று கத்தியது அவள்தான். மகள் நிறுத்தினாள். சொன்ன பேச்சைக் கேட்கிற பிள்ளை.

விசாரணையில் நீதிபதி அம்மாள் கேட்டார்: "வாயை மூடினா சத்தம் நின்னுடும்னு உனக்கு யாரும்மா சொல்லிக்கொடுத்தது?" மகள் ஒரே ஒரு தடவை இவளைத் திரும்பிப் பார்த்தாள். "யாரும் இல்ல," என்றாள். பக்கத்திலேயே உட்கார்ந்திருந்த இவள் வாய் திறக்கவில்லை. அழுதாள். யாரோ ஒரு டம்ளர் தண்ணீர் கொடுத்தார்கள்.

வா-வா-வா.

குழந்தை நிறுத்தவில்லை. ஊசி ஆழமாக இறங்கியது. கண்ணை மூடினாள். சுவரில் இருந்த கைகள் மறைந்தன. இருட்டு நன்றாக இருந்தது.

வா-வா.

வா.

அமைதி.

எவ்வளவு இதமான அமைதி. வலி அலை அலையாக வடிந்தது. தோள் தளர்ந்தது. அப்படியே உட்கார்ந்திருந்தாள்.

"அம்மா," என்றாள் மகள். "சத்தம் நின்னுடுச்சு."

"ம். தூங்கிட்டான்."

"அம்மா."

"ம்."

"கையை எடும்மா."

கண்ணைத் திறந்தாள். மகள் சுவரை விட்டுத் திரும்பியிருந்தாள். இவளுடைய மடியைப் பார்த்துக்கொண்டிருந்தாள். இவளும் பார்த்தாள். தன் கைதான். மோதிர விரல், ஊசி குத்திய தழும்பு. எடுக்கவேண்டும். எடுக்கத் தெரியவில்லை.

மகள் வந்து முன்னால் மண்டியிட்டாள். இல்லத்திலிருந்து வந்தபின் இத்தனை அருகில் வந்தது இதுதான் முதல் தடவை. விரல் விரலாகப் பிரித்து அந்தக் கையை எடுத்து ஓரமாக வைத்தாள். குனிந்து குழந்தையின் மூக்கில் கன்னத்தை வைத்துக் காத்திருந்தாள். நெஞ்சில் காதை வைத்தாள். ரொம்ப நேரம் கழித்து நிமிர்ந்தாள். அழவில்லை. அவள் முகத்தில் கோபம் இருந்திருந்தால் இவளால் தாங்கியிருக்க முடியும்.

கதவு தட்டப்பட்டது.

"அக்கா, நான்தான், மாடிவீடு. பையனைத் தூக்கிட்டுப் போக வந்தேன்." ஆண் குரல், களைத்துப்போன, சந்தோஷமான குரல்.

"இங்க கொடு," என்றாள் மகள். குழந்தையைத் தன் மடிக்கு மாற்றிக்கொண்டு சுவரோரமாகச் சம்மணமிட்டு உட்கார்ந்தாள். உள்ளங்கையை விரித்து, அந்தச் சின்ன வாயின்மேல் மெதுவாக வைத்தாள். "நீ போய்க் கதவைத் திற. நான் பாத்துக்கறேன்."

இல்லை, நான்தான் என்று சொல்லவேண்டும். கத்தவேண்டும். வாசல் வரைக்கும் நடந்தாள், ஒவ்வோர் அடியிலும் சொல்லப்போவதாகவே நம்பினாள். தாழ்ப்பாளில் கையை வைத்துத் திரும்பிப் பார்த்தாள். விளக்கடியில் மகள் நிமிர்ந்து உட்கார்ந்திருந்தாள், யார் வந்தாலும் நேராகக் கண்ணில் படும்படி. மடியிலிருந்து ஒரு குட்டிக் கால் தொங்கியது, பாதி கழன்ற காலுறையோடு, ஆடாமல்.

தலைவலி சுத்தமாக விட்டுப்போயிருந்தது. அவள் தாழ்ப்பாளைச் சத்தம் வராமல் இழுத்தாள்.