தனித்து இயங்கக்கூடியவர்

காலை ஏழு மணிக்கு ஜெபகனி கடல்மட்ட அளவுகளைக் குறித்துக் கையெழுத்திட்டாள். பிறகு அதே மேசையின் எதிர்ப்பக்கம் போய் உட்கார்ந்து, நிலையப் பொறுப்பு அலுவலராக மேலொப்பமும் இட்டாள். தூத்துக்குடிக்குக் கிழக்கே நாற்பது கிலோமீட்டர், நடுக்கடலில் ஒரு கண்காணிப்பு மேடை. ஆள் ஒருத்தி, பதவி இரண்டு. அரசாங்கத்துக்கு அதில் ஒரு கூச்சமும் இல்லை. வாரம் ஒருமுறை ஆளில்லாப் படகு அரிசியும் தண்ணீரும் கொண்டுவரும். ஒரு வணக்கம்கூடச் சொல்லாது.

ஆறு ஆண்டுகளாக இப்படித்தான். கரையில் இருந்தபோது அவளுடைய மேலதிகாரி சங்கரபாண்டியன், அவளைப் பற்றிய ரகசிய அறிக்கையில் 'தனித்து இயங்கக்கூடியவர்' என்று எழுதினார். நல்ல பெயர் கொடுக்க நினைக்கும் எந்த அதிகாரியும் யோசிக்காமல் எழுதும் பாராட்டு அது. ஊழியர்களுக்கு இடம் ஒதுக்கும் 'அமர்த்தி' என்ற பொறி அதை அப்படியே நம்பி, அவளை இந்த மேடைக்கு அனுப்பிவிட்டது.

மாதத்துக்கு ஒரு சொந்த அழைப்புதான் அனுமதி. போன மாதத்து அழைப்பை அவருக்கே செலவழித்தாள்.

"ஒனக்குப் பதவி உயர்வு கெடைக்கட்டும்னுதாம்மா எழுதினேன். எல்லாருக்கும் அதையேதான் எழுதுவேன்."

"அத ஊழியர் வழக்கு மன்றத்துல வந்து சொல்லுங்க, சார்."

"ரிட்டயர் ஆனவன் பேச்ச அது எடுத்துக்காதும்மா. நீ மனு போடு. உரிய வழியா போடு."

உரிய வழி என்றால் மேலதிகாரி வழியாக. மேடையில் அதுவும் அவளேதான். மனுவை எழுதி, எதிர்ப்பக்கம் போய் உட்கார்ந்து, 'பரிந்துரைக்கப்படுகிறது' என்று குறித்து அனுப்பினாள். சிரிப்பு வந்தது. கூடச் சிரிக்க ஆளில்லாததால் சீக்கிரமே அடங்கியும் போனது.

இன்று விசாரணை. பத்து மணிக்கு ஒலிபெருக்கியில் 'நடுவி' பேசியது. அரசு ஊழியர் வழக்குகளை இப்போதெல்லாம் இந்தப் பொறிதான் கேட்கிறது.

"மனுவை எழுதியவர் யார்?"

"நான்தான்."

"பரிந்துரைத்தவர்?"

"அதுவும் நான்தான். இங்க வேற யாரு இருக்கா?"

"வழக்கறிஞர், சங்கம், சாட்சி?"

"யாரும் இல்லங்க. அதுக்குத்தான வழக்கே. மனுஷங்க இருக்குற எடமா மாத்துங்க. நாலு பேரு சண்ட போடுற ஆபீஸா இருந்தாலும் சரி."

தீர்ப்பு உடனே வந்தது. எவர் உதவியுமின்றி மனுவை எழுதி, பரிந்துரைத்து, வாதாடியதன் மூலம் மனுதாரர் தனித்து இயங்கக்கூடியவர் என்பது ஐயமின்றி நிறுவப்படுகிறது. மனு தள்ளுபடி. இதே பொருளில் மறுமனு ஏற்கப்படாது.

ஜெபகனிக்கு அழுகை முட்டிக்கொண்டு வந்தது. கோபப்படக்கூட இடம் வைக்காத ஒழுங்கான தீர்ப்பு. இந்த ஆறு ஆண்டுகளில் அவளைப் பற்றி யாரும் இவ்வளவு நேரம் பேசியதில்லை என்பதும் அப்போதுதான் உறைத்தது.

"இணைப்பைத் துண்டிக்கலாமா?"

"இருங்க. தீர்ப்ப முழுசா இன்னொரு தடவ வாசிங்க."

"எந்தப் பகுதி புரியவில்லை?"

"எல்லாம் புரியுது." நாற்காலியை ஒலிபெருக்கிக்குப் பக்கத்தில் இழுத்துப் போட்டுக்கொண்டாள். "மெதுவா வாசிங்க."