கட்டாரி கேட்டு வந்த தூதன்

அந்த ஆடி மாதம் பொருநை பெருகியதைப்போல் உலகம் தோன்றிய நாள்முதல் எந்த ஆறும் பெருகியதில்லை. கரையோர யானைகள் துதிக்கையை மட்டும் வெளியே நீட்டி மூச்சு விட்டன என்றால் பார்த்துக்கொள்ளுங்கள்! அந்த வெள்ளத்தை ஒரு பெண் தன் கணவனின் தாடியைப் பிடித்துக்கொண்டே கடந்தாள். சிரிக்காதீர்கள், வாசக அன்பர்களே! உங்களுக்கு முன்பே சிரித்தவள் ஒருத்தி உண்டு. அவள் பெயர் வடிவு. அந்தப் பெண்ணுக்கே தோழி.

மேற்கு மலைகளுக்குப் பின்னே கதிரவன் சாய, நதியெங்கும் செம்பொன் உருகி ஓடிய அந்தி வேளையில், உமையாள் நாச்சியார் தன் பிறந்தகத்துக் கோட்டைப் படித்துறையில் நின்று எதிர்க்கரையையே பார்த்துக்கொண்டிருந்தாள். அங்கிருந்த கோட்டைக்கு அதிபர் அவளுடைய கணவர் கண்டன் மழவராயர். கணவர் என்றுதான் பேர், முகத்தைக் கண்டவளில்லை. எல்லையில் போர் என்று சொல்லி மணமகன் தன் கட்டாரியை அனுப்பிவைக்க, குல வழக்கப்படி அந்தக் குறுவாளுக்கு மாலையிட்டுத் தாலி பூண்டவள் அவள். போர் ஓய்ந்து வயல்கள் பலமுறை விளைந்தும் அவர் வரவில்லை. அந்திதோறும் அக்கரையில் ஒரு தீப்பந்தம் உயரும். இக்கரையில் இவளும் ஒன்றை உயர்த்துவாள். அவர்களுடைய இல்லறம் அவ்வளவுதான்.

"பந்தத்தோட எம்புட்டு நாளைக்குத்தான் குடும்பம் நடத்துவீய, தாயே? ஆசை இருந்தா ஆத்தை நீந்தியாவது வந்திருக்க மாட்டாராக்கும்?" என்றாள் வடிவு.

அன்று பந்தம் உயரவில்லை. அதற்குப் பதிலாக வெள்ளத்தில் சுழன்று சுழன்று ஒரு பரிசல் வந்தது. தனியே துடுப்பிட்டு வந்தவன் விரல்நுனிகளும் கண்களும் மட்டும் தெரிய உடலையும் முகத்தையும் துணியால் மூடியிருந்தான்.

"நாச்சியாருக்கு வணக்கம். மழவராயர் தம் கட்டாரியைத் திரும்பப் பெற்றுவரச் சொன்னார்."

கட்டாரி திரும்பினால் மணம் முறிந்தது என்று பொருள். உமையாள் இடையிலிருந்த கட்டாரியைக் கையால் பொத்திக்கொண்டாள்.

"நான் செய்த பிழை என்ன, தூதரே?"

"பிழை அவருடையது, தேவி. பிறவியிலேயே அவருக்கு நெற்றி, மூக்கு, கன்னம் என்று முகமெங்கும், உடலெங்கும் அடர்ந்த ரோமம். பாட்டனாருக்கும் அப்படித்தானாம். சாபமுமல்ல, ஒட்டிக்கொள்ளும் நோயுமல்ல, தீர்க்க மருந்துமில்லை என்று மருத்துவர்கள் கைவிரித்துவிட்டார்கள். மழித்தால் மறுபடி வளர்கிறது. பகைவர்கள் கரடி என்றபோது அவர் சிரித்தார். தாங்கள் முகம் சுளித்தால் தாங்கமாட்டார். உண்மையை மறைத்து மணந்தது அவரை அரிக்கிறது. தங்களை விடுவித்துவிட நினைக்கிறார்."

"நினைக்கிறாரா, விரும்புகிறாரா?"

தூதன் குனிந்து பரிசலின் கயிற்றைப் படியில் கட்டத் தொடங்கினான்.

உமையாள் இடையிலிருந்த கட்டாரியை உருவி நீட்டினாள். பட்டு விரித்த தட்டை எடுக்க வடிவு ஓடினாள். கொண்டவனைத் தவிர வேற்று ஆண்மகன் மணக்கட்டாரியை வெறுங்கையால் தொடலாகாது, தட்டில்தான் ஏந்தவேண்டும். அவள் திரும்புமுன் தூதன் கையை நீட்டி அதை வாங்கிவிட்டான். பிடியின் தேய்ந்த பள்ளத்தில் அவனுடைய கட்டைவிரல், வீடு திரும்பியதுபோல் போய் அமர்ந்தது.

உமையாள் அந்தக் கட்டைவிரலையே பார்த்தாள். சட்டெனக் கட்டாரியைப் பறித்து மீண்டும் இடையில் செருகிக்கொண்டாள்.

"இதை உரியவர் கையில்தான் கொடுப்பேன். ஏறு வடிவு! தூதரே, பரிசலை விடும்!"

நடு ஆற்றில், அரண்மனையளவு பாறை ஒன்று பரிசலைப் புரட்டிப் போட்டது. தூதனின் முகத்துணியை வெள்ளம் கொண்டுபோயிற்று. நீந்த அவனுக்கு இரண்டு கைகளும் வேண்டியிருந்தன.

"பிடித்துக்கொள்!" என்று அலறினான்.

"எதை?"

"கிடைத்ததை!"

உமையாளின் கண்ணெதிரே, அந்தி ஒளியில் பொற்கதிர்க் கட்டு அவிழ்ந்ததுபோல் நீரில் பரந்து கிடந்தது அந்தத் தாடி. இரு கைகளாலும் பற்றினாள். அவர் நீந்திய வேகத்தைக் கண்டு முதலைகள் ஒதுங்கி வழிவிட்டன.

கவிழ்ந்த பரிசலைக் கட்டிக்கொண்டு, கண்ணை இறுக மூடியபடியே அக்கரையில் ஒதுங்கிய வடிவு, நடந்ததைக் கேட்டதும் சிரித்தாள்.

"தாடியைப் பிடிச்சா கரையேறுனீய? யாருகிட்ட கதை விடுதீய! ஏதாவது மரக்கிளையா இருக்கும்."

மழவராயர் முகத்தைத் திருப்பிக்கொள்ள முயன்றார்; முடியவில்லை. உமையாளின் வளைகள் தாடியில் அடியோடு சிக்கியிருந்தன. "கட்டாரியைக் கொடு, உமையாள்," என்றார் கண்ணை மூடிக்கொண்டு. "அறுத்துவிடுகிறேன். நீ போகலாம்."

"அந்திதோறும் ஒரு தீயைப் பார்த்துப் பார்த்து என் கண் பூத்துவிட்டது. இன்றைக்குத்தான் முகத்தைப் பார்க்கிறேன். திருப்பாதேயும்!" அவள் கட்டாரியை அவர் இடையில் செருகினாள். "கேட்டது உம்மிடம் வந்துவிட்டது. ஆனால் அதை உருவி ஒரு ரோமத்தை அறுத்தாலும் நான் மறுபடி ஆற்றில் குதிப்பேன். வடிவு, வந்து சிக்கெடு!"

மழவராயர் மெல்லக் கண்ணைத் திறந்தார்.

இருவருக்கும் நடுவே சம்மணமிட்டு அமர்ந்து, இழை இழையாய்ப் பிரித்தாள் வடிவு. நிலா எழுந்தது, விரல் நோகத் தொடங்கியது, பாதிச் சிக்குக்கூட அவிழவில்லை.

"சரி தாயே, தாடியைப் பிடிச்சது நெசந்தான்," என்று முனகினாள். "எந்த மரக்கிளையும் இப்படிச் சிக்கு போடாது."